கேள்வி: ச. தங்கேஸ்வரி, பண்டாரவளை

இந்தியச் சஞ்சிகை இனி வராது என்று
அரசாங்கம் அறிவித்த கிழமையே
தர்மநாயகம் தன் கலியாண மோதிரத்தைச்
செட்டியார் தெருவில் அடகு வைத்தார்.
ஜிந்துப்பிட்டியில், கோயில் மணி கேட்கிற ஒழுங்கையில்
கருவாட்டுக் கிட்டங்கிக்கு மேல்மாடி.
'வெண்நிழல்' என்று பலகை.
மாதம் ஒன்று. விலை எழுபத்தைந்து சதம்.

முதற் பக்கம் ஆசிரியர் கடிதம்:
எந்த மாதமும் கடதாசித் தட்டுப்பாடு.
மூன்றாம் பக்கம் கிசுகிசு.
'பூப்பெயர் நடிகை' யாரென்று
எங்களுக்கும் தெரியாது.
நடுப்பக்கத்துக்குப் புளொக் ஒன்றே ஒன்று,
விநியோகக் கந்தோரில் இரவல் வாங்கியது.
பொட்டைச் சுரண்டி ஒரு மூக்குத்தி குத்தினால்
மார்கழி நாயகி மாசியில் வேறொருத்தி.
கடைசிப் பக்கம் பேனா நண்பர்.
பொழுதுபோக்கு: முத்திரை சேர்த்தல், வானொலி கேட்டல்.
நாடு முழுக்க அதே இரண்டு.

பதினேழாம் பக்கம் என்னுடையது.
'கேளுங்கள், சொல்கிறார் கண்ணாடியார்.'
கண்ணாடியார் நான்தான். பெயர் றெஜினா.
கொட்டாஞ்சேனையில் தட்டெழுத்துப் படித்து
புரூஃப் பார்க்க வந்தவள்.
மீசையில்லாத குறையை
'அட தம்பி' என்று தொடங்கிச் சமாளித்தேன்.

முதல் இதழுக்கு ஒரு கேள்விகூட வரவில்லை.
பதிலை எழுதிவிட்டுக்
கேள்வியைப் பிறகு தைத்தேன்.
ஊர் வேண்டுமே? புறக்கோட்டையில்
பஸ் நெற்றியில் பார்த்தது, பண்டாரவளை.
ஆள் வேண்டுமே? ச. தங்கேஸ்வரி.

கேள்வி: அழுகிற காட்சிக்குக் கிளிசரின் போடுகிறார்களாம்.
சிரிக்கிற காட்சிக்கு என்ன போடுவார்கள்?
பதில்: சம்பளம்.

முப்பத்தொரு கடிதம் வந்தது.
கண்ணாடியாருக்கு இரண்டு.
மற்றதெல்லாம் தங்கேஸ்வரிக்கு.

நான்காம் வருஷம் ஒருவர் படியேறி வந்தார்.
அட்டன் தபால்கந்தோர், பெயர் யோகராசா.
கையில் ஒரு பை பேரிக்காய்.
"அவங்க விலாசம் மட்டும் குடுங்க."
குணதாச மெஷினை நிறுத்திவிட்டுப் பார்த்தான்.
நான் சொன்னேன்:
"கப்பலில் போயிட்டா. ஒப்பந்தத்தில."

அவ்வளவு சுலபமாக நம்பினார்.
அந்த வருஷங்களில் மலையில்
யாரைக் காணோம் என்றாலும் அதுதானே பதில்.
பையை மேசையில் வைத்துவிட்டு இறங்கினார்.
ஒன்றைக் கடித்தேன். கல்.

அதற்குப் பிறகு அவள் கேள்வி கேட்கவில்லை.

அரசாங்கம் மாறியது.
புறக்கோட்டைக் கம்பிகளில் மறுபடி
சென்னைப் புத்தகங்கள் கலர் கலராகத் தொங்கின.
பக்கத்தில் எங்கள் நடிகைகள் கறுத்துப்போனார்கள்.
எழுபத்தாறாம் இதழில்
தொடர்கதை நாயகி கிணற்றுக்கட்டில் நின்றாள், 'தொடரும்'.
அவளை அங்கேயே விட்டுவிட்டுக் கதவைப் பூட்டினோம்.
திரும்பி வந்த பிரதிகளைக் கிட்டங்கிக்காரர் வாங்கினார்.
படியிறக்கும் கூலி மிச்சம்.

எட்டு மாதம் கழித்து, கிட்டங்கி விலாசத்துக்கு
இந்திய முத்திரையோடு ஒரு கடிதம். கோத்தகிரி.

"எம்பேரு தங்கேஸ்வரி. அப்பா சன்னாசி.
பண்டாரவளைப் பக்கம் தோட்டத்துல இருந்தோம்.
இங்க ஒரு வீட்டுல பொட்டிக்கு அடியில விரிச்சிருந்தாங்க
ஒங்க பொஸ்தகத்த.
அந்தக் கேள்விய நான் கேக்கல.
கேட்டிருப்பேன்.
இப்ப ஒண்ணு கேக்குறேன்.
தலைமன்னாருல நாங்க கப்பலேறுறப்ப
கரையில ஒருத்தரு கேமரா வச்சி நின்னாரு.
அந்தப் படம் எந்தக் கொட்டகையில ஓடுது?
அதுல எங்கம்மா நடந்து வருவா."

கோட்டையில் ஒரு தேயிலைக் கம்பனியில்
இப்போது இன்வொய்ஸ் அடிக்கிறேன்.
சாப்பாட்டு நேரம் தாளை ஏற்றி
'பதில்' என்று அடித்து, இரண்டு புள்ளி வைத்தேன்.
விரல் அங்கேயே நின்றது.
யோகராசாவின் விலாசமாவது
பழைய கட்டில் இருக்குமா என்று
கைப்பையைத் தடவினேன்.
இரண்டு மணிக்குப் பெரியவர் வந்து
தாளை எட்டிப் பார்த்தார்.
"யாருக்கு பில்?" என்றார்.